கை செய்யட்டும், வாய் சொல்லட்டும்

நம் பிள்ளைகள் நன்றாகப் படிக்கிறார்கள், மதிப்பெண்ணுக்குக் குறைவில்லை. ஆனால் படித்ததைக் கையால் செய்து பார்த்து, "ஏன் இப்படி ஆயிற்று?" என்று தாமே யோசிக்கிறார்களா? இதற்கு வழி காட்டியவர்களில் ஒருவர் நம் புனேவோடு தொடர்புடையவர்.

கான்பூர் ஐ.ஐ.டி.யில் படித்து, புனே டெல்கோவில் வேலை பார்த்தவர் அரவிந்த் குப்தா. 1978-ல் விடுப்பு எடுத்துக்கொண்டு மத்தியப் பிரதேசத்தின் ஹோஷங்காபாத் மாவட்டத்துக்குப் போனார். அங்கே 1972-ல் 16 பள்ளிகளில் தொடங்கிய அறிவியல் திட்டத்தில், பிள்ளைகள் சோதனை செய்து, கண்டதை எழுதி, வகுப்பில் விவாதித்தார்கள். சைக்கிள் வால்வு டியூப் துண்டுகளில் தீக்குச்சிகளைச் செருகி உருவங்கள் அமைக்கும் யோசனை குப்தாவுக்கு அங்கேதான் பிறந்தது. நாற்கோணத்தை அழுத்தினால் சாய்கிறது. முக்கோணம் அசையாமல் நிற்கிறது. பாலங்களில் ஏன் அத்தனை முக்கோணங்கள் என்பது விரலுக்கே புரிந்துவிடுகிறது! பின்னாளில் அவர் புனேயில், ஜயந்த் நார்லீகர் உருவாக்கிய அயூகாவின் சிறுவர் அறிவியல் மையத்தில் பல ஆண்டுகள் பணியாற்றினார். 2018-ல் பத்மஸ்ரீ பெற்றார்.

விமான் நகரில் எங்கள் குடியிருப்பின் ஞாயிறு தமிழ் வகுப்பில் அவர் பாணியில் ஒன்றைச் செய்து பார்த்தோம். ஸ்ட்ராவின் ஒரு முனையைத் தட்டையாக்கி, இரு பக்கமும் சரிவாக வெட்டி ஊதினால் பீப்பி! மறுமுனையை நறுக்க நறுக்க ஒலி கூர்மையாகிறது. இத்துடன் நின்றால் அது வெறும் விளையாட்டு. "ஏன்?" என்று கேட்டுவிட்டுக் காத்திருந்தேன்.

"குழல் குட்டையானா உள்ளே இருக்கற காத்தும் குறையுது மாமா, அதான் கீச்சுங்குது" என்றாள் ஒரு சிறுமி.

"அப்போ நாதஸ்வரம் அதே நீளம்தானே, ஸ்வரம் எப்படி மாறுது?" என்று மடக்கினான் இன்னொருவன்.

விரலை எடுத்தால் துளை திறந்து, அதிரும் காற்றின் நீளம் குறைகிறது என்று அவர்களே பேசிப் பேசிக் கண்டுபிடித்தார்கள். வெட்டிய ஸ்ட்ரா முனை நம் சீவாளிக்குத் தம்பி என்பதை மட்டும் நான் சொன்னேன்.

பள்ளியில் ஆங்கிலம், தெருவில் மராத்தியும் இந்தியும். வீட்டுத் தமிழோ "சாப்பிட்டாயா, தூங்கு" என்ற அளவில் சுருங்கி வருகிறது. காரணம் சொல்லவும் மறுத்துப் பேசவும் பயன்பட்டால்தான் அது பிள்ளைகளுக்குச் சிந்தனை மொழியாக நிலைக்கும். அதற்குக் கையில் ஒரு ஸ்ட்ராவும், பொறுமையாகக் கேட்கும் பெரியவர் ஒருவரும் போதும்.

பெற்றோர்களே, உங்கள் வீட்டிலும் செய்து பாருங்கள். கேள்வியைக் கேளுங்கள், விடையை மட்டும் முந்திக்கொண்டு சொல்லிவிடாதீர்கள்!