ஒரு கோப்பைக் காணவில்லை

சென்ற வருடம் மாசி மாதத்தில் ஓர் இரவு, பக்கத்து வளவு அக்கா படலையில் நின்று கூப்பிட்டார்.

"தங்கச்சி, ஒருக்கா வந்து பாருமன். மகள் கணினிக்கு முன்னாலை இருந்து அழுகிறாள்."

வன்னியில் எல்லாவற்றையும் விட்டுவிட்டு 2010 இல் தொண்டைமானாற்றுக்குத் திரும்பிய குடும்பம் அது. தகப்பன் இல்லை. சீட்டுக் காசில் வாங்கிய மடிக்கணினியில்தான் மகள் வீட்டிலிருந்தபடி வெளிநாட்டு நிறுவனம் ஒன்றுக்கு வேலை செய்கிறாள். எங்கோ இருக்கும் வாடகைக் கணினிகளில் மென்பொருளை ஏற்றி இயக்கும் வேலை. முகிற்கணிமை என்று சொல்வது இதைத்தான். காலையில் ஒப்படைக்க வேண்டியது இரவு பத்து மணிக்கு நின்றுபோய்விட்டது. அன்றுதான் கணினியில் உபுண்டு 22.04 ஐப் புதிதாக நிறுவியிருந்தாள். 'லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1' என்ற பகிர்வு நூலகக் கோப்பைத் திறக்க முடியவில்லை, அப்படி ஒரு கோப்பு இல்லை என்று திரையில் ஒரு வரி.

"நூலகமெண்டால் புத்தகம் வைக்கிற இடமெல்லோ?" என்றார் அக்கா.

நியாயமான கேள்வி. பெயர் வைத்தவர்கள் எங்களை யோசிக்கவில்லை.

எங்கள் ஊர் வெளிக்கள நிலையத்தை உங்களுக்குத் தெரியும். அங்கே தயாராகும் பரீட்சை வினாத்தாளை எத்தனையோ பாடசாலைகள் எடுத்துப் பயன்படுத்துகின்றன. ஒவ்வொரு பாடசாலையும் தனித்தனியே தயாரித்துக்கொண்டு இருப்பதில்லை. கணினிக்குள்ளும் அப்படித்தான். தகவலை இரகசிய எழுத்தாக மாற்றுவது, கோப்பைச் சுருக்குவது போன்ற வேலைகள் எல்லா மென்பொருளுக்கும் வேண்டும். அவற்றை ஒரு கோப்பில் ஒரு தடவை எழுதி வைத்துவிட்டால், வேண்டிய மென்பொருள் வேண்டிய நேரம் கூப்பிட்டுக்கொள்ளும். லினக்சில் அதன் பெயரில் 'எஸ்ஓ' என்றும் விண்டோசில் 'டிஎல்எல்' என்றும் வரும். இடமும் மிச்சம், நினைவகமும் மிச்சம்.

ஆனால் வினாத்தாளில் ஒரு பிழை வந்தால் எல்லாப் பாடசாலைப் பிள்ளைகளுக்கும் அது பிழைதான். இவள் தேடிய கோப்பு ஓபன்எஸ்எஸ்எல் என்ற நூலகத்தைச் சேர்ந்தது. 'ஹார்ட்பிளீட்' என்று 2014 சித்திரையில் உலகமே பதறியது அந்த நூலகத்தில் இருந்த ஓர் ஓட்டையால்தான். திருத்திய நூலகத்தை மாற்றி வைத்து, அதை நம்பியிருந்த மென்பொருள்களை மீண்டும் தொடக்கியதும் அவை எல்லாவற்றுக்கும் ஓட்டை அடைபட்டது.

கடைசியில் இருக்கும் 1.1 பாடத்திட்டம் மாதிரி. பாடத்திட்டம் மாறினால் பழைய வினாத்தாள் சரிவராது. உபுண்டு 22.04 இல் இருப்பது 3 ஆம் பதிப்பு. அவளுடைய பழைய மென்பொருளோ 1.1 தான் வேண்டும் என்று அடம்பிடித்தது. அந்த அடம் நல்லதுதான். பொருந்தாததை வாங்கிக்கொண்டு தப்பும் தவறுமாக ஓடுவதைவிட நிற்பது மேல்.

நான் பயந்தது வேறொன்றுக்கு. முன்பின் தெரியாத ஒரு தளத்தில் அந்தக் கோப்பு இலவசமாகக் கிடக்கக் கண்டு, இறக்கப் போனாள். கையைப் பிடித்துவிட்டேன். ஒரு மென்பொருளுக்கு என்னென்ன உரிமை உண்டோ, அது கூப்பிடும் நூலகத்துக்கும் அவ்வளவும் உண்டு. நிறுவனத்தின் கணினிகளைத் திறக்கும் சாவிகள் அந்த மென்பொருளிடம் இருந்தன. அவை வெளியே போனால் வேலை போகும், பெயரும் போகும். 2024 பங்குனியில் எக்ஸ்இஸட் என்ற நூலகத்துக்குள் ஒரு கள்ளக் கதவு வைத்திருந்ததைக் கண்டுபிடித்தார்கள். வைத்தவர் வெளியாள் அல்ல. நம்பிக்கையைச் சம்பாதித்துப் பராமரிப்பாளராகவே ஆகியிருந்தவர். உள்நுழைய அரை விநாடி கூடுதலாக எடுக்கிறதே என்று ஆன்ட்ரெஸ் ஃபிராய்ண்ட் என்ற பொறியியலாளர் சந்தேகப்பட்டதால்தான் அது பிடிபட்டது.

'எல்டிடி' என்ற கட்டளையைக் கொடுத்துப் பார்த்தோம். எந்தெந்தக் கோப்பு இருக்கிறது, எது இல்லை என்று அது வரிசையாகச் சொல்லும். இல்லாதது ஒன்றுதான். மென்பொருளைத் தயாரித்தவர்களின் சொந்தத் தளத்திலேயே புதிய இயங்குதளத்துக்கான பதிப்பு இருந்தது. இருபது நிமிட வேலை.

"டொக்கரிலை போட்டிருந்தால் இந்தக் கரைச்சல் வந்திராது, அன்ரி" என்றாள், கண்ணைத் துடைத்துக்கொண்டு. உண்மைதான். மென்பொருளையும் அதற்கு வேண்டிய நூலகங்களையும் ஒரே கொள்கலனில் கட்டிவிடும் முறை அது. இடம்பெயரும்போது அடுப்பு, பானை, அரிசி என்று ஒரே மூட்டையாகக் கட்டிக்கொண்டு ஓடினோமே, அது மாதிரி. போன இடத்தில் ஒருவரிடமும் கேட்கத் தேவையில்லை. ஆனால் நூலகத்தில் ஓட்டை என்று தெரியவந்தால் ஒவ்வொரு மூட்டையையும் புதிதாகக் கட்ட வேண்டும். கட்டினவர் மறந்தால் ஓட்டை உள்ளேயே கிடக்கும்.

வேலை முடிய இரவு ஒரு மணி. அக்கா தேத்தண்ணியோடு வந்து திரையை எட்டிப் பார்த்தார்.

"அப்ப அந்த 1.1 கிடைச்சிட்டுதோ?"

"இல்லையம்மா, இப்ப அது தேவையில்லை" என்றாள் மகள்.