லயத்தில் கேட்ட குரல்

1996ஆம் ஆண்டு மார்ச் மாதம் 17ஆம் நாள், ஞாயிற்றுக்கிழமை. கலஹாவின் தேயிலை மலைகளில் அந்தி சாய்ந்து பனி இறங்கிக்கொண்டிருந்தது. லயத்தில் இருந்த ஒரே தொலைக்காட்சிப் பெட்டியின் முன்னே நாங்கள் குழுமியிருந்தோம். லாகூரில் உலகக் கிண்ண இறுதியாட்டம்; இலங்கைக்கு எதிரே அவுஸ்திரேலியா. ஆங்கில வர்ணனையாளர்களுள் ஒருவருடைய குரல் கணீரென்று தனித்து ஒலித்தது. அவர்தாம் டோனி கிரேக்.

ஆயுளெல்லாம் தோட்டத்தில் உழைத்த முதியவர் ஒருவர் என்னருகே இருந்தார்.

"தம்பி, அந்தத் துரை என்ன சொல்லுறாரு?"

"நம்ம பொடியங்க நல்லா ஆடுறாங்கன்னு மெச்சுறாரு, தாத்தா."

அவர் சற்று மௌனமாயிருந்தார். "பெரட்டுக்களத்துல துரைமாரு ஏசினதத்தான் கேட்டிருக்கேன். மெச்சுறத இப்பதான் கேக்குறேன்" என்றார். அந்தச் சொல் என் நெஞ்சில் தைத்தது.

கிரேக் 1946இல் தென்னாபிரிக்காவில் பிறந்தவர். இங்கிலாந்துக்காக 58 டெஸ்ட் ஆட்டங்களில் 3,599 ஓட்டங்களும் 141 விக்கெட்டுகளும் பெற்றவர். 14 டெஸ்டுகளில் தலைமை தாங்கியவர். 1975இல் விஸ்டன் ஆண்டு மலர் அவரைச் சிறந்த ஆட்டக்காரர் ஐவருள் ஒருவராகத் தெரிந்தெடுத்தது. 1977இல் கெரி பாக்கரின் போட்டித் தொடருக்குத் துணைநின்றதால் தலைமைப் பதவியை இழந்தார். அதன் பின்னரே அவுஸ்திரேலியாவின் ஒன்பதாம் அலைவரிசையில் அவரது வர்ணனைப் பணி தொடங்கியது. ஆடுகளத்து வெடிப்பில் மோட்டார்ச் சாவியைச் செருகி மண்ணின் இயல்பை அவர் விளக்கும் காட்சியை இரசிகர்கள் மறந்திலர். மூன்று தசாப்தங்களுக்கு மேலாக அப்பணி நீடித்தது.

ஆயினும் அந்நாவுக்கும் ஒரு தழும்பு உண்டு. 1976இல் மேற்கிந்திய அணியினரைத் தம் முன்னே மண்டியிட்டு ஊர்ந்திடச் செய்வதாக அவர் தொலைக்காட்சியில் கூறினார். நிறவெறி ஆண்ட நாட்டில் பிறந்த வெள்ளையர் வாயிலிருந்து வந்த அவ்வார்த்தை எத்துணை சுட்டிருக்கும்! மேற்கிந்தியர் 3–0 என்று தொடரை வென்றனர். ஓவல் மைதானத்தில், அவர்களுடைய இரசிகர்களுக்கு முன்னே, கிரேக் தாமே மண்டியிட்டு ஊர்ந்தார்.

அந்த நாவே பின்னாளில் இலங்கையின் அழகையும் மக்களின் அன்பையும் உலகறிய உரைத்தது. 2012இல் இலண்டன் லோர்ட்ஸில் கௌட்ரி நினைவுரை நிகழ்த்தும் பெருமை அவருக்குக் கிடைத்தது. அவ்வாண்டு டிசம்பர் 29ஆம் நாள், தமது 66ஆம் வயதில் மறைந்தார்.

லாகூர் இரவில் அரவிந்த டி சில்வா ஆட்டமிழக்காது 107 ஓட்டங்கள் குவித்தார். கண்டியின் மைந்தன் முத்தையா முரளிதரன் 10 ஓவர்களில் 31 ஓட்டங்களையே கொடுத்தார். அவருடைய பாட்டனாரும் தேயிலைத் தோட்டத்தில் உழைக்கவே தென்னிந்தியாவிலிருந்து வந்தவர். இலங்கை ஏழு விக்கெட்டுகளால் வென்றது.

பட்டங்களும் பதக்கங்களும் ஒருபுறம் இருக்கட்டும். பெரட்டுக்களத்து ஏச்சையே கேட்டுப் பழகிய செவியொன்று அன்று அக்குரலில் புகழ்மொழி கேட்டதே, அதனினும் உயர்ந்த விருது ஒரு வர்ணனையாளருக்கு வேறென்ன வேண்டும்?