குனுகுப் பூவும் பண்ணைக் கீரையும்

புரட்டாசி அமாவாசை நெருங்கும்போது நம் திருமுல்கேரி லால் பஜாரில் பூ வியாபாரம் சூடு பிடித்துவிடும். பதுக்கம்மா பண்டிகைக்காகச் சுற்றுவட்டாரக் கிராமத்துப் பெண்கள் கட்டுக் கட்டாகப் பூக்களைக் கொண்டுவந்து நடைபாதையில் பரப்பியிருப்பார்கள். மஞ்சள் நிறத் தங்கேடு நமக்குப் பழகிய ஆவாரம்பூதான். துலுக்கச் சாமந்தியும் பூசணிப் பூவும் எல்லோருக்கும் தெரியும். ஆனால் வெள்ளியும் இளஞ்சிவப்பும் கலந்து, சுடர் போல நீண்டு நிற்கும் ஒரு பூவை மட்டும் நம்மவர்கள் "அது ஏதோ இந்த ஊர்ப் பூ" என்று சொல்லிக் கடந்து போவார்கள். நானும் முப்பது ஆண்டுகள் அப்படித்தான் கடந்து போனேன்.

ரயில்வே வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகுதான் நின்று பார்க்க நேரம் கிடைத்தது. "இது என்ன பூவம்மா?" என்று தெலுங்கில் கேட்டேன். "குனுகு பூலு, சார்" என்றார் அந்த அம்மாள். ஒரு கட்டை வாங்கி வீட்டில் உதறியபோது கறுப்பு நிறத்தில் பளபளவென்று பொடி விதைகள் கொட்டின. தண்டையும் இலையையும் திருப்பிப் பார்த்தேன். சந்தேகமே இல்லை. கோவில்பட்டிப் பக்கம் எங்கள் கரிசல் கிராமத்தில், மழை பெய்து இருபது நாளானால் அம்மா மடி நிறையக் கிள்ளி வருவாரே, அதே பண்ணைக் கீரை!

நாம் பூக்கும் முன் கிள்ளிச் சமைக்கிறோம். இங்குள்ளவர்கள் பூத்த பின் தாம்பாளத்தில் அடுக்கிக் கும்பிடுகிறார்கள். (இளசாக இருக்கும்போது இவர்களும் 'குனுகு கூர' சமைப்பது உண்டு.) செடி ஒன்றுதான். அதை யாரும் விதைப்பதில்லை என்பதுதான் வேடிக்கை. வேளாண்மைப் புத்தகங்களில் இதற்குப் பெயர் 'களை'.

களை என்பது எது?

ரயில் பாதையில் இந்தக் கேள்விக்கே இடமில்லை. தண்டவாளத்தின் அடியில் கிடக்கும் சரளைக் கற்களுக்கிடையே மழைநீர் தங்காமல் வடிந்துவிட வேண்டும். செடி முளைத்தால் வேர் மண்ணைப் பிடித்துக்கொள்ளும், நீர் தேங்கும், பாதை இளகும். எனவே அங்கே எது முளைத்தாலும் களைதான். அகற்றுவது எங்கள் கடமை.

வயலில் கணக்கு வேறு. உழவன் ஏர் பூட்டிய நாளிலிருந்தே இந்தச் செடிகளும் அவன் கூடவே வருகின்றன. காட்டில் பெரிய மரங்களின் நிழலில் இவற்றால் பிழைக்க முடியாது. மண் கிளறப்பட்டு வெயில் படும் இடம்தான் இவற்றின் வீடு. ஆண்டுதோறும் உழுது அந்த வீட்டை அமைத்துக் கொடுப்பவர்கள் நாம்தான். உழும்போது அடிமண்ணிலிருக்கும் சிறு விதை ஒரு கணம் வெளிச்சத்தைக் கண்டாலே போதும், பல களைகளுக்கு அதுவே முளைக்கச் சொல்லும் உத்தரவு. முளைக்காதவை மண்ணுக்குள் வங்கி வைப்பு போலக் காத்திருக்கும். அமெரிக்காவில் வில்லியம் பீல் என்ற பேராசிரியர் 1879-இல் களை விதைகளை 20 போத்தல்களில் மண்ணோடு கலந்து புதைத்து வைத்தார். 142 ஆண்டுகள் கழித்து, 2021-இல் எடுத்த போத்தலிலும் சில விதைகள் முளைத்தன!

களைக்கும் பயிருக்கும் இடையே உள்ள வேலி அவ்வளவு உறுதியானதும் அல்ல. ரை என்ற தானியம் ஆதியில் கோதுமை வயலில் களையாக இருந்து, குளிர் பிரதேசங்களில் பயிராகப் பதவி உயர்வு பெற்றது. நம் பண்ணைக் கீரையையே நைஜீரியாவில் பாத்தி கட்டிப் பயிரிட்டுச் சந்தையில் விற்கிறார்கள். நம் வீட்டுத் தோட்டத்துக் கோழிக்கொண்டைப் பூவும் இதே இனத்தின் இன்னொரு வடிவம்தான்.

எல்லாக் களையும் நல்லவை என்று சொல்ல வரவில்லை. 1950-களில் புனே பக்கம் கண்டறியப்பட்ட பார்த்தீனியம் நாடு முழுவதும் பரவி, தோல் அரிப்பையும் மூச்சுத் திணறலையும் கொடுத்து வருகிறது. அதைத் தின்னும் மெக்சிகோ வண்டைக் கொண்டுவந்து 1984-இல் பெங்களூரில் விட வேண்டியதாயிற்று. ஜபல்பூரிலுள்ள களை ஆராய்ச்சி இயக்ககத்தைச் சேர்ந்தவர்கள் 2018-இல் வெளியிட்ட கணக்குப்படி, நம் நாட்டில் பத்து முக்கியப் பயிர்களில் மட்டும் களையால் ஆண்டுக்குச் சுமார் 1,100 கோடி டாலர் நஷ்டம். உழவனுக்குக் களை விளையாட்டுக் காரியம் அல்ல.

நான் சொன்ன யோசனை

இங்கே என் தவறு ஒன்றைச் சொல்ல வேண்டும். சுமார் பதினைந்து ஆண்டுகளுக்கு முன் ஊருக்குப் போயிருந்தேன். அண்ணன் அப்போதுதான் நாட்டுச் சோளமும் தட்டைப் பயறும் பாசிப் பயறும் கலந்து விதைப்பதை விட்டுவிட்டு மக்காச்சோளத்துக்கு மாறியிருந்தார். களையெடுக்க ஆள் கிடைக்கவில்லை, கிடைத்தாலும் கூலி கட்டவில்லை என்று வருத்தப்பட்டார். "யார்டுகளில் நாங்கள் மருந்து அடிக்கிறோம், நீங்களும் அடித்துவிட வேண்டியதுதானே?" என்றேன். படித்த தம்பி சொல்கிறான் என்று அவரும் அடித்தார்.

மக்காச்சோளத்துக்குப் பெரும்பாலும் அடிப்பது அட்ரசின் என்ற மருந்து. விதைத்த இரண்டு மூன்று நாட்களுக்குள் ஈர மண்ணின் மேல் தெளிப்பார்கள். மக்காச்சோளம் அந்த நஞ்சைத் தன் உடலுக்குள்ளேயே செயலிழக்கச் செய்துவிடும். பயறு வகைகளுக்கு அந்தச் சக்தி கிடையாது. ஆகவே மருந்து அடித்த நிலத்தில் ஊடுபயிராகப் பயறு போட முடியாது. பண்ணைக் கீரை, தொய்யக் கீரை, குப்பைக் கீரை எல்லாம் முளையிலேயே போய்விடும். ஆனால் மண்ணுக்கடியில் கிழங்கு வைத்திருக்கும் கோரை அதற்கு அவ்வளவாக அசையாது. போட்டிக்கு வேறு செடி இல்லாததால் அது இன்னும் செழிக்கும். எங்கள் நிலத்தில் நடந்தது அதுதான். கீரை போயிற்று, கோரை நின்றது.

சில ஆண்டுகள் கழித்து மதினி போனில் சொன்னார்: "தம்பி, காட்டுல ஒரு கை கீரை கிள்ள வழியில்லாமப் போச்சு. ஆட்டுக்குப் பிடுங்கிப் போடவும் ஒண்ணுமில்ல." குறை சொல்லும் குரலில் அவர் சொல்லவில்லை. எனக்குத்தான் உறைத்தது. களையெடுக்க வந்த பெண்கள் அந்தக் காலத்தில் கூலியோடு மடியில் கீரையும் கொண்டு போவார்கள். நிலமில்லாத வீடுகளில் அன்றைய குழம்பு அதுதான். நாள் முழுதும் குனிந்து செய்யும் அந்த வேலை சுகமானது என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் ஒரே தெளிப்பில் அவர்களுடைய கூலி, கீரை இரண்டும் போயின. என் யோசனையில் இந்தச் செலவுக் கணக்கு இல்லை. வயலையும் ரயில் பாதையாக நினைத்து விட்டேன்.

மருந்தே நிரந்தரத் தீர்வும் அல்ல. பஞ்சாப், ஹரியானாவில் கோதுமையைப் போலவே தோற்றமுள்ள ஃபலாரிஸ் என்ற புல்லை ஒழிக்க ஆண்டுக்கணக்கில் ஒரே மருந்தை அடித்தார்கள். 1990-களின் தொடக்கத்தில் அந்தப் புல் மருந்துக்கு மசியாத வம்சமாக மாறிவிட்டது தெரிய வந்தது. கிளைபோசேட் என்ற களைக்கொல்லியை, பயிற்சி பெற்ற பூச்சிக் கட்டுப்பாட்டாளர்கள் மூலமாகவே பயன்படுத்த வேண்டும் என்று 2022 அக்டோபரில் மத்திய அரசு உத்தரவிட்டது.

நடு வழி

நம் ஊரிலிருந்து மேற்கே சுமார் 100 கிலோமீட்டரில் ஜஹீராபாத் அருகே பஸ்தாபூர் இருக்கிறது. அங்கு 1983 முதல் இயங்கி வரும் டெக்கான் டெவலப்மென்ட் சொசைட்டியைச் சேர்ந்த கிராமப் பெண்கள், ஒரே நிலத்தில் சோளம், துவரை, சிறுதானியம், எள் என்று பல பயிர்களைக் கலந்து விதைக்கிறார்கள். இடையில் தானே முளைக்கும் கீரைகளை அவர்கள் களை என்று தள்ளுவதில்லை. அவற்றுக்குப் பெயர் உண்டு, பருவம் உண்டு, பக்குவம் உண்டு. நம் தொய்யக் கீரை அங்கே செஞ்சலி கூர. ஐக்கிய நாடுகள் வளர்ச்சித் திட்டத்தின் 'ஈக்வேட்டர்' பரிசு 2019-இல் இவர்களுக்குக் கிடைத்தது.

இதில் ஒரு நுட்பம் இருக்கிறது. களை பயிரை அதிகம் பாதிப்பது பயிரின் ஆயுளில் முதல் மூன்றில் ஒரு பங்கில்தான். மானாவாரிப் பயிர்களில் ஏறக்குறைய முதல் 30, 35 நாள். அதற்குப் பின் பயிரே நிழல் பரப்பிக் களையை அடக்கிவிடும். பண்ணைக் கீரை சமையலுக்கு இளசாக இருப்பதும் அதே நாட்களில்தான். ஆக, அம்மா கீரை பறித்ததும் களையெடுப்புத்தான். ஒரே கை, ஒரே நேரம், இரண்டு வேலை. தப்பி வரப்போரம் நின்றவை பூத்து, விதை கொட்டி, அடுத்த ஆண்டுக்கு வந்தன. இந்த ஏற்பாட்டை எந்தப் பொறியாளரும் வரைந்து கொடுக்கவில்லை.

அண்ணனிடம் என் தவறை ஒப்புக்கொண்டு பேசினேன். "மருந்தை அடியோடு நிறுத்தினால் யார் வந்து களை பிடுங்குவது?" என்றார். நியாயமான கேள்வி. கடைசியில் வீட்டுக்கு அருகிலுள்ள அரை ஏக்கரில் மட்டும் மருந்தில்லாமல் பழைய கலப்புப் பயிர், மற்ற இடத்தில் வரப்பை ஒட்டி இரண்டு சால் அகலம் தெளிக்காமல் விடுவது என்று முடிவானது. முதல் ஆண்டு கோரைதான் அதிகம் வந்தது. இரண்டாம் ஆண்டு வரப்போரத்தில் பத்துப் பதினைந்து பண்ணைக் கீரைச் செடிகள் தலை காட்டின. மதினி அவற்றைக் கிள்ளாமல் பூக்க விட்டிருக்கிறார்.

லால் பஜார் பூக்கார அம்மாளிடம் சென்ற ஆண்டு விலை அதிகமாக இருக்கிறதே என்றேன். "முன்னே பொல்லாரம் தாண்டினாலே குனுகு கிடைக்கும், சார். இப்போ மேட்சலுக்கும் அப்பால் போய்ப் பறிக்கிறோம்" என்றார். ஒரு பக்கம் கட்டடங்கள், மறு பக்கம் மருந்து.

நம் அன்பர்கள் பலருக்கும் ஊரில் ஒன்றிரண்டு ஏக்கர் குத்தகையில் இருக்கும். அடுத்த முறை பேசும்போது, வரப்போரத்தை மட்டுமாவது தெளிக்காமல் விடச் சொல்லுங்கள். அங்கிருந்து கீரை வந்தால் பூக்கும் முன் கிள்ளி, வேகவைத்து நீரை வடித்துவிட்டு, பாசிப்பருப்புடன் கடைந்து சாப்பிடுங்கள். சாலையோரத்திலும் சாக்கடையோரத்திலும் முளைத்ததைத் தொட வேண்டாம். இந்த ஆண்டு பதுக்கம்மாவுக்குக் குழந்தைகளை அழைத்துப் போகும்போது அந்தச் சுடர் போன்ற பூவைக் காட்டி, நம் பெயரையும் இவர்கள் பெயரையும் சேர்த்தே சொல்லிக் கொடுங்கள்.