மடக்குதலும் சம்மதமும்

சப்ரகமுவத் தோட்டப்புறங்களில் இளைஞர் பேச்சில் "அவளை மடக்கிட்டான்" என்ற வார்த்தை சாதாரணமாக அடிபடுகிறது. காதலிக்க இருவர் வேண்டும். மடக்குவதில் ஒருவன் வேலை செய்கிறான், மற்றவள் அகப்படுகிறாள். இந்த வார்த்தை எங்கிருந்து பலம் பெற்றது என்பதையே இங்கு விளக்க முயல்கிறேன்.

யட்டியாந்தோட்டைப் பக்கத்து இறப்பர்த் தோட்டங்களிலும் பலாங்கொடை, இறக்குவானைத் தேயிலை மலைகளிலும் ஆண் பெண் பேச்சுக்கு முன்பு ஓர் ஒழுங்கு இருந்தது. மாமன் மகளைக் கேலி பண்ணலாம். முறை இல்லாதவளிடம் அது கூடாது. பஸார்களில் வாழும் நம்மவரிடமும் மச்சான், மச்சி உறவில் ஓரளவு இந்தச் சலுகை உண்டு. மானிடவியலாளர் ராட்கிளிஃப்-பிரவுன் 1940இல் 'கேலி உறவு' என்று விளக்கியது இத்தகைய வழக்கத்தைத்தான். பீலியடியிலும் பிரட்டுக்களத்திலும் நடந்த பேச்சுக்கு நாலு பேர் சாட்சி. அந்த ஒழுங்கு பெண்ணுக்கு நீதி செய்தது என்று சொல்ல வரவில்லை. ஆனால் ஆள் யார், எவர் வீட்டுப் பிள்ளை என்று விசாரிப்பது சுலபமாக இருந்தது.

கைத்தொலைபேசி அந்தச் சாட்சிகளை அகற்றிவிட்டது. ரோங் நம்பரில் தொடங்கும் பழக்கத்தில் பெயர், ஊர், மார்க்கம், கல்யாணம் ஆனவனா என்பதெல்லாம் அவன் சொன்னால்தான் உண்டு. கொழும்பிலோ ஆடைத் தொழிற்சாலையிலோ தனியே வேலை செய்யும் பிள்ளைக்கு விசாரிக்க ஆளில்லை. தெரியாத ஆளிடம்தான் தந்திரம் எடுபடும். அமெரிக்காவில் இதை வகுப்பு வைத்தே கற்பித்தவர்களைப் பற்றி நீல் ஸ்ட்ராஸ் 2005இல் 'த கேம்' என்ற நூலை எழுதினார். அந்த வித்தையில் பெண்ணின் "வேணாம்" ஒரு பதிலாகக் கணக்கில் வராது. தாண்ட வேண்டிய தடையாகவே பார்க்கப்படும்.

நாம் என்ன செய்கிறோம்? "ஃபோனைப் பறிங்க, சுருக்கா கட்டிக் குடுங்க" என்கிறோம். 1951ஆம் ஆண்டின் 13ஆம் இலக்க முஸ்லிம் விவாக விவாகரத்துச் சட்டம் இயற்றப்பட்டபோது, பதிவில் வலீயின் கையொப்பத்தைக் கேட்டது. மணமகளின் கையொப்பத்தைக் கேட்கவில்லை. மடக்குபவன் அவள் சொல்லைத் தாண்டிப் போகிறான். நாம் அதைக் கேட்காமலே முடிக்கிறோம். விருப்பமின்றித் தகப்பன் செய்துவைத்த கன்ஸா பின்த் கிதாம் (ரழி) அவர்களின் திருமணத்தை நபி (ஸல்) அவர்கள் ரத்துச் செய்ததை ஸஹீஹுல் புகாரி பதிவு செய்திருக்கிறது.

யாரோடு பேசுகிறேன் என்று உம்மா வாப்பாவிடம் பயமின்றிச் சொல்லக்கூடிய பிள்ளைக்குத்தான் விசாரித்துப் பார்க்க ஆள் கிடைக்கும். பறித்த ஃபோனுக்குப் பதிலாக இன்னொன்று வந்துவிடும்.