மெலாவத்திக் குன்றில் நொச்சியும் உழிஞையும்

வட சிலாங்கூர்த் தோட்டங்களில் புறப்பொருள் பாடம் நடத்தும் ஆசிரியர்க்குத் தமிழகத்துக் கோட்டை எதுவும் வேண்டுவதில்லை. கோலசிலாங்கூர் ஆற்றுமுகத்தின்மேல் நிற்கும் மெலாவத்திக் குன்று போதும். அரணைக் காப்பது நொச்சி. வளைத்துக் கொள்வது உழிஞை. (தொல்காப்பியர் இரண்டையும் உழிஞையுள் அடக்குவார், ஈண்டு வெண்பாமாலை வழியே செல்வோம்.) இவ்விரு பூவையும் ஓராண்டுக்குள் சூட நேர்ந்தவர் சிலாங்கூர் சுல்தான் இப்ராகிம்.

1784-இல் அவர் ரியாவின் ராஜா ஹாஜியோடு சேர்ந்து மலாக்காவிலிருந்த டச்சுக்காரரை எதிர்த்தார். ஜூனில் ராஜா ஹாஜி போரில் மடிந்தார். ஆகஸ்டில் டச்சுக் கப்பற்படை குன்றைக் கைப்பற்றி, அதற்கு ஆல்டிங்பர்க் என்று பெயரும் இட்டது. சுல்தான் பகாங்குக்குச் சென்றார்.

புறமுதுகிட்டார் என்று மாணவர் கேட்பர். பொருகடா பின்வாங்குவதை வள்ளுவர் எந்த அதிகாரத்தில் வைத்தார் என்று அவரைத் திருப்பிக் கேட்கலாம். படைச்செருக்கில் அன்று, காலமறிதலில்.

பகாங்கின் பெண்டஹாரா துணைப்படை தந்தார். 1785 ஜூன் இறுதியில், இரவில், தாக்கினர். பீரங்கிக்கு இருட்டில் கண்ணில்லை. காவலிருந்த டச்சுக்காரர் பீரங்கிகளையும் விட்டுவிட்டுக் கப்பலேறினர்.

ஆயினும் மீண்டது குன்றுதான், கடல் அன்று. டச்சுக் கப்பல்கள் ஏறத்தாழ ஓராண்டு ஆற்றுமுகத்தை அடைத்து நின்றன. 1786-இல் சுல்தான் உடன்படிக்கைக்கு இணங்கினார். ஏணி சாத்தி மதிலேறுவதற்குத் துறை வகுத்த நம் இலக்கணம் கடலடைப்புக்கு வகுக்கவில்லை.

சுல்தான் 1826 வரை ஆண்டார். அவர் கல்லறை அக்குன்றின்மேலேயே இருக்கிறது. மாணவரை அழைத்துச் செல்லும் ஆசிரியர் அதனையும் காட்டலாம்.