கொள்ளுப்பாட்டி மாறிப்போன கதை!

ஒரு சின்ன டெஸ்ட். உங்க தாத்தா பேர் என்ன? டக்குனு சொல்லிடுவீங்க. தாத்தாவோட அப்பா பேர்? கொஞ்சம் இழுப்பீங்க. அவரோட அம்மா பேர்? அவங்க பிறந்த ஊர்? இங்கதான் நம்மில் பல பேர் 'ஆப்சென்ட்'!

'அதைத் தெரிஞ்சு என்ன பண்ணப்போறோம் பாஸ்?'னு கேக்கறீங்களா? இந்த ஒரு கேள்விக்குப் பதில் தேடி, பழைய பதிவேடுகளோட மல்லுக்கட்டுற பெரிய கூட்டமே உலகத்துல இருக்கு. அயர்லாந்து, ஸ்காட்லாந்துல இருந்து கப்பல் ஏறி அமெரிக்கா, கனடா, ஆஸ்திரேலியான்னு போனவங்களோட வாரிசுகள் அதுல ரொம்பப் பிஸி. அவங்க தேடல்ல நடந்த ஒரு 'ஆள் மாறாட்ட'க் கதையைக் கேளுங்க.

எல்லிஸ் தீவின் முதல் பெண்

1892, ஜனவரி 1. நியூயார்க் துறைமுகத்தில் எல்லிஸ் தீவு குடியேற்ற நிலையத்துக்குத் திறப்பு விழா. முதல் ஆளாக உள்ளே வந்தவள் ஆனி மூர். அயர்லாந்தின் கார்க் பகுதிப் பெண். கூடவே இரண்டு தம்பிகள். முன்பே நியூயார்க் வந்துவிட்ட அப்பா, அம்மாவிடம் சேர, 'நெவாடா' கப்பலில் கடல் தாண்டி வந்திருந்தார்கள். அதிகாரிகள் அவள் கையில் 10 டாலர் தங்கக் காசு ஒன்றைக் கொடுத்தார்கள். 'இன்னிக்கு இவளுக்கு 15-வது பிறந்த நாள்'னு பத்திரிகைகள் எழுதின. உண்மையில் அவளுக்கு வயசு 17!

அப்புறம் ஆனி என்ன ஆனாள்? ரொம்ப வருஷமா ஒரு கதை ஓடிட்டிருந்தது. மேற்கே டெக்சாஸ் போனாள், கல்யாணம் பண்ணிக்கிட்டாள், 1923-ல டிராம் மோதி இறந்தாள்னு. எல்லாரும் நம்பினாங்க. அந்த டெக்சாஸ் குடும்பத்தை விழாக்களுக்குக் கூப்பிட்டு மரியாதையும் பண்ணினாங்க.

மேகன் ஸ்மோலென்யாக் என்ற வம்சாவளி ஆராய்ச்சியாளருக்கு மட்டும் ஒரு இடம் இடிச்சது. டெக்சாஸ் ஆனியின் பதிவுகளைப் புரட்டினால், அவங்க பிறந்தது அமெரிக்காவின் இல்லினாய்ஸ் மாநிலத்தில்! அயர்லாந்திலிருந்து கப்பல்ல வரவேண்டிய அவசியமே இல்லையே?

2006-ல், 'உண்மையான ஆனியைக் கண்டுபிடிச்சா 1,000 டாலர் பரிசு'ன்னு அறிவிச்சார் மேகன். சில வாரங்களிலேயே முடிச்சு அவிழ்ந்தது. எப்படி? ஆனியைத் தேடி இல்லை, அவளோட தம்பி பிலிப்பைத் தேடி! பிலிப்பின் குடியுரிமைப் பதிவு சிக்க, அதைப் பிடிச்சுக்கிட்டே போய் வாரிசுகளைக் கண்டுபிடிச்சாங்க. நிஜ ஆனி எங்கேயும் போகலை. கப்பல் இறங்கிய நியூயார்க்கிலேயே, ஏழைகள் நெருக்கியடிச்சு வாழ்ந்த லோயர் ஈஸ்ட் சைடு பகுதியில், ஒரு ஜெர்மன் வம்சாவளி இளைஞரைக் கட்டிக்கிட்டு, பெற்ற பிள்ளைகளில் பலரைச் சின்ன வயசிலேயே பறிகொடுத்து, 1924-ல் செத்துப்போயிருந்தாங்க. கல்லறை மேல ஒரு கல்கூட இல்லை.

ஏன் கிளம்பினாங்க?

ஆனிக்கு முன்னாடி கப்பல் ஏறினவங்க லட்சக்கணக்கில். 1845-ல் அயர்லாந்தின் உருளைக்கிழங்குப் பயிரில் ஒரு நோய் விழுந்தது. ஏழைகளுக்கு மூணு வேளையும் அதுதான் சாப்பாடு. 1852-க்குள் சுமார் 10 லட்சம் பேர் பட்டினியிலும் நோயிலும் இறந்தார்கள். 10 லட்சத்துக்கும் மேல் நாட்டை விட்டே போனார்கள். 1847-ல் மட்டும், கனடாவின் கிராஸ் ஈல் என்ற தீவில், நோயாளிகளைத் தனிமைப்படுத்திய இடத்தில், 5,000-க்கும் மேற்பட்டோர் புதைக்கப்பட்டார்கள். 1841-ல் சுமார் 82 லட்சமாக இருந்த அயர்லாந்துத் தீவின் மக்கள்தொகை இன்னிக்கு வரை பழைய எண்ணிக்கையைத் தொடலை!

ஸ்காட்லாந்து கதை வேற. அங்கே மலைநாட்டு நிலப்பிரபுக்கள், 'மனுஷங்களை விட ஆடுதான் லாபம்'னு கணக்குப் போட்டார்கள். ஆட்டுப் பண்ணைக்காகக் கிராமம் கிராமமாகக் காலி செய்தார்கள். 1845-ல் கிளென்கால்வி என்ற இடத்திலிருந்து துரத்தப்பட்டவர்கள், கிராய்க் சர்ச் வளாகத்தில் கூடாரம் போட்டு ஒண்டினார்கள். தங்கள் நிலைமையைச் சர்ச் ஜன்னல் கண்ணாடியில் கீறி எழுதி வைத்தார்கள். அந்தக் கீறல்களை இன்னிக்கும் படிக்கலாம்.

எரிந்துபோன ஞாபகம்

சரி, பதிவேட்டைப் பார்த்தா தெரிஞ்சுடாதா? அங்கதான் டிராஜெடி. 1922 ஜூன் 30. அயர்லாந்தின் உள்நாட்டுப் போர். டப்ளின் நகரின் 'ஃபோர் கோர்ட்ஸ்' வளாகத்தில் இருந்த ஆவணக் காப்பகம் வெடித்து எரிந்தது. பல நூறு வருஷத்துக் காகிதங்கள் சாம்பல். 1821 முதல் 1851 வரை எடுத்த நாலு சென்சஸ்களும், சில பக்கங்கள் தவிர, போயே போச்சு. அடுத்த நாலு? 1861, 1871 சென்சஸ் தாள்களை வேலை முடிஞ்சதும் அரசே அழிச்சுடுச்சு. 1881, 1891 தாள்கள் முதல் உலகப்போர் சமயத்தில் காகிதக் கூழாக்கப்பட்டன. ஆக, முழுசாகக் கிடைக்கிற முதல் சென்சஸ் 1901-தான்!

ஆனா, விதி ஒரு ஜன்னலைத் திறந்து வெச்சிருந்தது. 1909-ல் முதியோர் பென்ஷன் வந்தது. 70 வயசு ஆகியிருக்கணும். பிறப்புச் சான்றிதழ்? அயர்லாந்தில் பிறப்புப் பதிவு தொடங்கியதே 1864-லதான். பாவம், கிழவர்கள் எங்கே போவார்கள்? 'சார், 1841 சென்சஸ்ல எங்க வீட்டுல என் பேர் இருக்கா பாருங்க, 1851-ல பாருங்க'னு மனு கொடுத்தாங்க. ஊழியர்கள் அப்பா, அம்மா பேர், ஊர் எல்லாம் குறித்துத் தேடினாங்க. பிறகு சென்சஸ் எரிஞ்சுபோச்சு. அந்தத் துண்டுச் சீட்டுகள் பல பிழைச்சுக்கிச்சு! வாரத்துக்கு 5 ஷில்லிங் பென்ஷனுக்காக எழுதின மனு, இன்னிக்கு ஒரு குடும்பத்தோட ஒரே சாட்சி.

இன்னொரு சாட்சி, கண்ணீர் விளம்பரங்கள். பாஸ்டன் நகரின் 'தி பைலட்' பத்திரிகையில் 1831 முதல் 1921 வரை 'காணாமல் போன நண்பர்கள்' பகுதி வந்தது. 'என் அண்ணன் இந்த ஊர், இந்தக் கப்பலில் வந்தார், கடைசியா ரயில் பாதை போடுற இடத்தில் வேலை பார்த்தார், யாராவது பார்த்தீங்களா?' என்கிற மாதிரி அறிவிப்புகள். தேடினவங்களுக்கு அண்ணன் கிடைச்சாரோ இல்லையோ, பேத்திகளுக்குச் சொந்த ஊர் கிடைச்சது. அயர்லாந்தில் 60,000-க்கும் மேல் குட்டிக் குட்டி ஊர்கள். 'அயர்லாந்து'ன்னு மட்டும் தெரிஞ்சா, கடல்ல ஊசி தேடுற கதைதான்.

ஸ்காட்லாந்து ஆளா இருந்தா நீங்க லக்கி. 1855 ஜனவரி 1-ல் பிறப்பு, திருமணம், இறப்புப் பதிவு கட்டாயமானது. இறப்புப் பதிவில் இறந்தவரோட அப்பா, அம்மா இருவர் பேரும், அம்மாவோட கல்யாணத்துக்கு முந்தைய குடும்பப் பேர் உட்பட, இடம்பெறும். ஒரே ஒரு சான்றிதழ், ஒரு தலைமுறை மேலே ஏற்றிவிடும் ஏணி!

தேடும்போது வழுக்கும் இடங்கள்

'எல்லிஸ் தீவு கிளார்க் எங்க குடும்பப் பேரையே மாத்திட்டார்'னு பல அமெரிக்கக் குடும்பங்கள்ல சொல்வாங்க. நிஜத்தில் கிளார்க்குகள் கப்பல்லேர்ந்து வந்த பட்டியலை வெச்சுத்தான் சரிபார்த்தார்கள். அது கப்பல் கம்பெனி எழுதினது. பேர் மாற்றம் பெரும்பாலும் பிற்பாடு அவங்களே பண்ணிக்கிட்டது.

இன்னொரு வழுக்கல், பேர். முதல் பையனுக்கு அப்பாவழித் தாத்தா பேர், ரெண்டாவது பையனுக்கு அம்மாவழித் தாத்தா பேர் வைப்பது அங்கே பரவலான வழக்கம். 'பெயரன்'தான் பேரன் ஆனான்னு சொல்ற நமக்கு இது புதுசா என்ன? துப்புக்கு இது சூப்பர். ஆனா ஒரே ஊரில் ஒரே தலைமுறையில் நாலு பேட்ரிக் நிப்பாங்க. உங்க பேட்ரிக் யாருன்னு வயசு, மனைவி, ஊர் மூணும் பொருந்தணும். டி.என்.ஏ. டெஸ்ட் 'இவர் உங்க தூரத்துச் சொந்தம்'னு சொல்லும். கொள்ளுப்பாட்டி பேரைச் சொல்லாது.

மேகன் காட்டிய வழி

* உங்ககிட்ட இருந்து ஆரம்பிச்சு ஒவ்வொரு படியா பின்னோக்கிப் போங்க. பிரபலமான ஆளைப் பிடிச்சு கீழே இறங்காதீங்க.

* ஆள் கிடைக்கலையா? அண்ணன், தம்பி, அக்கா, தங்கச்சியைத் தேடுங்க.

* கதையை எழுதி வையுங்க, கூடவே ஆதாரத்தையும். ஆதாரம் இல்லைன்னா பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போடுங்க.

* பெண்களோட பிறந்த வீட்டுப் பேரைக் குறிச்சுக்கோங்க. பதிவேட்டில் முதலில் காணாமல் போறது அவங்கதான்.

இந்த வாரம் ஊருக்குப் போறீங்களா? செல்போனை ஓரமா வெச்சுட்டு, ஒரு நோட்டோட பாட்டி பக்கத்துல உட்காருங்க. 'உங்க அம்மா பேர் என்ன பாட்டி? எந்த ஊர்ல பிறந்தாங்க?'னு கேளுங்க. எரியுற காப்பகங்கள்ல மனுஷ ஞாபகமும் ஒண்ணு. அதுக்குத் தீயணைப்பு வண்டியும் கிடையாது.

ஆனிக்கு என்ன ஆச்சுன்னு கேக்கறீங்களா? நியூயார்க்கின் கால்வரி கல்லறைத் தோட்டத்தில், செத்து 84 வருஷம் கழிச்சு, 2008-ல் அவங்களுக்கு ஒரு கல் வெச்சாங்க. அயர்லாந்திலிருந்து வந்த சுண்ணாம்புக்கல். ஒரு வழியா, சரியான ஆளோட தலைமாட்டில் சரியான பேர்!