குணத்தை விசாரித்த சட்டம்

சிங்கப்பூரில் கப்பல் பட்டறைகள் நிறைந்த துவாஸில், நாள் முழுவதும் உழைத்துவிட்டுத் தங்கும் விடுதிக்குத் திரும்பும் நம்மவர்களில் பலர், கைப்பேசியில் பழைய படங்களைப் பார்த்து இளைப்பாறுவது வழக்கம். அவ்வாறு பார்க்கிறவர் கண்ணில், பி. ஆர். சோப்ரா 1980ஆம் ஆண்டு வெளியிட்ட ‘இன்சாஃப் கா தராஜு’ என்னும் ஹிந்திப் படம் பட்டுவிடுமானால், அதை எங்கோ பம்பாயில் நடந்த கதை என்று ஒதுக்கிவிடலாகாது. ஏனெனில் அந்தப் படத்தின் நியாயஸ்தலத்தில் செல்லுபடியான சாட்சியச் சட்டந்தான், பிரிவின் இலக்கம் மட்டும் சற்றே மாறி, ஒரு நூற்றாண்டுக்கும் மேலாகச் சிங்கப்பூரிலும் செல்லுபடியாகி வந்தது.

கதை எளிமையானது. அழகுப் போட்டியில் வென்று விளம்பரங்களில் தோன்றும் பாரதியை (ஜீனத் அமான்), அவளிடம் மோகங்கொண்ட செல்வந்தன் ஒருவன் (ராஜ் பப்பர்) பலாத்காரம் செய்கிறான். அவள் துணிந்து வழக்குத் தொடுக்கிறாள். ஆனால் எதிர்த்தரப்பு வக்கீலாக வரும் ஸ்ரீராம் லாகூ, குற்றவாளியின் செயலை ஒரு புறம் தள்ளிவிட்டு, அவளுடைய தொழில், உடை, பழக்கவழக்கம் ஆகியவற்றையே கூண்டில் ஏற்றி, அத்தகையவள் சம்மதித்திருப்பாள் என்ற எண்ணத்தை நீதிபதியின் மனத்தில் விதைக்கிறார். அவன் விடுதலையாகிறான். பிறகு அதே மனிதன் அவளுடைய தங்கையையும் கெடுத்துவிடவே, பாரதி அவனைச் சுட்டுக் கொல்கிறாள். இரண்டாவது விசாரணையில் அவளே தன் நியாயத்தைப் பேசுகிறாள். தங்கையாக நடித்த பத்மினி கோலாப்பூரேக்கு ஃபிலிம்ஃபேர் விருது கிடைத்தது. 1976இல் வந்த ‘லிப்ஸ்டிக்’ என்ற அமெரிக்கப் படத்தின் சாயல் இதில் தெளிவாகத் தெரியும். பின்னர், 1982இல், ‘நீதி தேவன் மயக்கம்’ என்று தமிழுக்கும் இக்கதை வந்தது.

இந்தப் படத்தை அப்பழுக்கற்றது என்று நான் சொல்லமாட்டேன். பலாத்காரத்தைக் கண்டிக்க வந்த டைரக்டர், அதனை அவ்வளவு விஸ்தாரமாகப் படம் பிடித்திருப்பது, கண்டனத்தைக் காட்டிலும் கேளிக்கைக்கே அதிகம் பயன்படும். துப்பாக்கியால் கிடைக்கும் முடிவும் கைதட்டலுக்கு உதவுமேயன்றி, துப்பாக்கியும் துணிவும் இல்லாத லட்சோபலட்சம் பேருக்கு உதவாது. இவ்விஷயத்தில், 1993இல் ராஜ்குமார் சந்தோஷி எடுத்த ‘தாமினி’ மேலானது. தமிழில் ரேவதி நடித்து ‘பிரியங்கா’வாக வந்த அக்கதையில், புகுந்த வீட்டாருக்கு எதிராகவே சாட்சி சொல்லத் துணிகிற மருமகள், கடைசிவரை நியாயஸ்தலத்தைத்தான் நாடுகிறாள். ஆயினும் குறுக்கு விசாரணையின் குரூரத்தை அப்படியே காட்டியதில் சோப்ராவின் படத்துக்கு ஈடில்லை.

அந்தக் குரூரம் கற்பனையன்று. மகாராஷ்டிரத்தில் தேசாய்கஞ்ச் என்ற ஊரின் காவல் நிலையத்துக்குள்ளேயே, 1972 மார்ச்சில், ஓர் ஆதிவாசிச் சிறுமி பலாத்காரத்துக்கு ஆளானாள் என்ற வழக்கில், செஷன்ஸ் கோர்ட் அவளுடைய நடத்தையைக் குறை சொல்லிக் காவலர் இருவரையும் விடுவித்தது. ஹைகோர்ட் அவர்களைத் தண்டித்தது. சுப்ரீம் கோர்ட்டோ, உடம்பில் காயமில்லை, அவள் கூக்குரலிட்டதாகத் தெரியவில்லை என்று காரணங்காட்டி, 1978இல் மீண்டும் விடுவித்தது. மறு ஆண்டு, அத்தீர்ப்பைக் கண்டித்து, உபேந்திர பக்ஷி, லோத்திகா சர்க்கார், வசுதா தாகம்வார், ரகுநாத் கேல்கர் ஆகிய நால்வர் எழுதிய பகிரங்கக் கடிதம் தேசத்தையே உலுக்கிற்று. அந்தக் கொந்தளிப்பு அடங்குமுன் இந்தப் படம் வெளிவந்தது. 1983இல் சட்டமும் திருத்தப்பட்டது.

சிங்கப்பூர்ச் சங்கதிக்கு வருவோம். ஜேம்ஸ் ஃபிட்ஸ்ஜேம்ஸ் ஸ்டீஃபன் இந்தியாவுக்காக 1872இல் வகுத்த சாட்சியச் சட்டம், 1893இல் சிங்கப்பூர் அடங்கிய நீரிணைக் குடியேற்றங்களுக்கும் கொண்டுவரப்பட்டது. பலாத்கார வழக்கில் முறையிட்ட பெண் பொதுவாகவே ஒழுக்கங்கெட்டவள் என்று காட்டி, அவள் வாக்குமூலத்தின் நம்பகத்தைக் குலைக்கலாம் என்று அதில் ஒரு விதி இருந்தது. திருடு கொடுத்தவனின் ஒழுக்கத்தைப் பற்றி இப்படி யாரும் விதி எழுதி வைக்கவில்லை! இந்தியாவில் 155(4) என்றும், சிங்கப்பூரில் 157(டி) என்றும் வழங்கிய அவ்விதியை, இந்தியா 2002ஆம் ஆண்டின் திருத்தச் சட்டத்தாலும், சிங்கப்பூர் 2012ஆம் ஆண்டிலும் நீக்கின. வேகமான நகரம் என்று பெயரெடுத்த சிங்கப்பூர் இதில் பத்தாண்டு பின்தங்கியது விசித்திரமே.

ஆனால் அதன் பிறகு சிங்கப்பூர் தயங்கவில்லை. முறையிடுபவரின் பாலியல் வரலாற்றையோ தோற்றத்தையோ பற்றி நியாயஸ்தலத்தின் அனுமதியின்றிக் கேள்வி கேட்க இயலாதபடி 2018ஆம் ஆண்டுச் சட்டம் தடுத்தது. 2020 ஜனவரி 1 முதல், மனைவியைப் பலாத்காரம் செய்யும் கணவனுக்கு இருந்த சட்டப் பாதுகாப்பு நீங்கியதோடு, பலாத்காரத்துக்கு ஆளாகிறவர் ஆணாகவும் இருக்கலாம் என்பதைக் குற்றவியல் சட்டம் ஏற்றுக்கொண்டது. ஆடவரே நெருங்கி வாழும் விடுதிகளில் இருப்போர் இக்கடைசி விஷயத்தை அவசியம் அறிந்திருக்க வேண்டும். ஆகவே, துவாஸ் விடுதியிலோ, தேக்காவில் வீட்டுவேலை செய்யும் சகோதரியிடமோ இத்தகைய துன்பத்தை நீங்கள் கேள்விப்பட்டால், ‘கோர்ட்டுக்குப் போனால் உன் மானந்தான் போகும்’ என்ற பழைய புத்திமதியைச் சொல்லாமல், உடனே 999க்கு அழைத்துப் போலீஸில் சொல்லத் துணை நில்லுங்கள்.